செவ்வாயில் எங்கே இறங்குவது: ஹெல்லஸா, கேலா, ஆர்க்கேடியாவா?

அறிவியல் கண்காட்சி நெருங்கினால் நம் கடற்கரைப் பள்ளிகளில் தெர்மாகோலுக்குத் தட்டுப்பாடு வந்துவிடும். ராமேசுவரம், தங்கச்சிமடம், மண்டபம், கீழக்கரை என்று எங்கே போனாலும் ஒரு மேசையிலாவது செவ்வாய்க் குடியிருப்பு இருக்கும். சலித்த செம்மண், பாதியாக அறுத்த பிளாஸ்டிக் பந்தில் ஒரு கூடாரம், பக்கத்தில் வெள்ளிக் காகிதம் சுற்றிய ராக்கெட். கலாம் பிறந்த பக்கம் என்பதால் ராக்கெட்டை விட்டுவிட யாருக்கும் மனசு வராது. நடுவர் வந்து "இது செவ்வாயில் எந்த இடம்?" என்று கேட்கும்போதுதான் முழி பிதுங்கும்.

இந்தக் கேள்விக்குப் பதில் தேடும் பிள்ளைகள் பெரும்பாலும் ஹெல்லஸ் என்ற பெயரோடு வருகிறார்கள். செவ்வாயிலேயே காற்றழுத்தம் மிக அதிகமான இடம் அது என்று எங்கோ படித்திருப்பார்கள். காற்று அதிகம் என்றால் வாழ வசதி அதிகம் என்று நினைப்பது இயல்புதான். என் கருத்தை முதலிலேயே சொல்லிவிடுகிறேன்: மனிதர்கள் தங்குகிற மாதிரி என்றால் ஹெல்லஸ் வேண்டாம். ஏன் என்று பார்ப்பதற்கு முன் எதை வைத்து அளப்பது என்று முடிவு செய்துகொள்வோம்.

## அளவுகோல்கள்

காற்றழுத்தம். தலைக்கு மேலே நிற்கும் காற்றின் எடைதான் அழுத்தம். பாம்பன் கரையில் அது 1010 மில்லிபாரை ஒட்டி இருக்கும். செவ்வாயில் சராசரி 6 மில்லிபார் சொச்சம். எண்ணைப் பிள்ளைகள் கடகடவென்று ஒப்பித்துவிடுவார்கள், ஆனால் கைக்குப் பிடிபடாது. கடலில் இறங்கி நின்றால் பிடிபடும். 10 மீட்டர் ஆழத் தண்ணீர் தரும் அழுத்தம், நம் கரையில் நிற்கும் மொத்தக் காற்றின் அழுத்தத்துக்குக் கிட்டத்தட்டச் சமம். அந்தக் கணக்கில் செவ்வாயின் வானம் முழுவதும் சேர்ந்து 6 சென்டிமீட்டர் தண்ணீர், கணுக்கால்கூட நனையாது. ஹெல்லஸின் அடியில் 12 சென்டிமீட்டர்; கணுக்கால் நனையும். உடம்புச் சூட்டிலேயே தண்ணீர் கொதிக்கத் தொடங்கும் எல்லை 63 மில்லிபார். அதற்குக் கீழே அழுத்த உடை இல்லாமல் மனிதர் யாரும் பிழைக்க முடியாது. தண்ணீர்க் கணக்கில் அது 64 சென்டிமீட்டர், வளர்ந்த ஆளுக்கு முழங்காலைத் தாண்டும். கணுக்கால் நனைகிறதா இல்லையா என்று ஹெல்லஸுக்கும் மற்ற இடங்களுக்கும் சண்டை நடக்கிறது, முழங்காலை எட்டுகிற இடம் அந்தக் கோளில் எங்குமே இல்லை.

போதாக்குறைக்கு அந்தக் காற்றில் 95 சதவீதம் கரியமில வாயு. ஆக, சுவாசத்துக்கும் உடம்புக்கும் அழுத்தம் ஓர் அளவுகோலே அல்ல; எந்த இடத்தைத் தேர்ந்தெடுத்தாலும் உடை மாட்டித்தான் வெளியே வர வேண்டும். வேறு மூன்று வேலைகளுக்கு அழுத்தம் உதவுகிறது: இறங்கும் கலத்தைப் பாராசூட் பிடித்து நிறுத்த, காற்றை உறிஞ்சி ஆக்சிஜன் தயாரிக்க, விண்வெளிக் கதிர்வீச்சைக் கொஞ்சம் தடுக்க.

குளிர். கோள் முழுவதற்குமான சராசரி சுமார் -60 டிகிரி. சராசரியை நம்ப வேண்டாம். காற்று மெலிதாக இருப்பதால் வெப்பத்தைப் பிடித்து வைக்க ஆளில்லை. பகலுக்கும் இரவுக்கும் 70, 80 டிகிரி வித்தியாசம் வரும். நம் ஊரில் கடலும் ஈரக்காற்றும் சேர்ந்து அந்த வித்தியாசத்தை 10 டிகிரிக்குள் அடக்கி வைத்திருக்கின்றன. செவ்வாயின் நடுக்கோட்டுப் பக்கம் நண்பகலில் தரை 20 டிகிரியைத் தொடும்போதுகூட, நிற்கிற ஆளின் தலை உயரத்தில் காற்று 0 டிகிரியை ஒட்டித்தான் இருக்கும்.

தண்ணீர். பனிக்கட்டியாக மண்ணுக்கடியில் கிடைக்கிறதா, எத்தனை ஆழத்தில்? குடிக்க, சுவாசிக்க, திரும்பி வர எரிபொருள் செய்ய, மூன்றுக்கும் இதுதான் முதல். என் கணக்கில் இந்த அளவுகோலுக்குத்தான் எடை அதிகம்.

வெயில், தூசு. செவ்வாய்க்கு வந்து சேரும் வெயில் பூமியில் உள்ளதில் 43 சதவீதம். கமுதி சூரிய மின் நிலையத்தில் நிறுவிய அதே பலகையை அங்கே கொண்டுபோய் வைத்தால் பாதிகூடத் தேறாது. இங்கே பலகையில் தூசு படிந்தால் மழை கழுவும், இல்லையென்றால் கமுதியில் செய்வதுபோல இயந்திரம் வந்து துடைக்கும். அங்கே மழை கிடையாது. எப்போதாவது ஒரு சுழல்காற்று போகிற போக்கில் ஊதிவிட்டுப் போனால் அதிர்ஷ்டம்.

## காற்றின் வேகத்தைக் கணக்கில் சேர்க்காதீர்கள்

கச்சானும் வாடையும் பார்த்து வளர்ந்தவர்கள் நாம். காற்று என்றால் வள்ளம் கவிழும் பயம்தான் முதலில் வரும். பாம்பன் பக்கம் ஒரு கண்காட்சியில் ஒரு மாணவனின் அப்பா, கடலுக்குப் போகிறவர், என்னிடம் கேட்டது நல்ல கேள்வி: "காத்தே கம்மிங்கிறீங்க, அப்புறம் கோளு பூரா புயல் அடிக்குதுங்கிறீங்க. எது சார் உண்மை?"

இரண்டும் உண்மை. வேகம் உண்டு, தள்ளும் பலம் கிடையாது. செவ்வாயின் காற்று நம் காற்றைவிட ஏறத்தாழ 60 மடங்கு அடர்த்தி குறைந்தது. பழைய பாம்பன் பாலத்தில் ரயில் ஓடிய காலத்தில் காற்று 58 கிலோமீட்டர் வேகத்தைத் தொட்டால் சிக்னல் சிவப்பாகி ரயில் நின்றுவிடும் என்பது நமக்கெல்லாம் தெரியும். அதே தள்ளுவிசையைச் செவ்வாயில் பெற வேண்டுமென்றால் காற்று மணிக்கு 440 கிலோமீட்டருக்கு மேல் வீச வேண்டும். அங்கே தரையை ஒட்டி 100 கிலோமீட்டர் வேகம் என்பதே பெரிய காற்று. அது மேலே பட்டால் நமக்கு 13 கிலோமீட்டர் வேகக் காற்று மாதிரி இருக்கும். மாலையில் கரையில் உட்கார்ந்தால் படுகிற அளவு.

"அப்ப தூசுதான் வில்லன்னு சொல்லுங்க" என்றார். சரியாகச் சொன்னார். மாவைவிட மெல்லிய தூசு வானத்தில் ஏறி வாரக்கணக்கில் வெயிலை மறைக்கும். 2018 ஜூனில் கோள் முழுவதும் பரவிய தூசுப் புயலில் சூரிய மின்சாரத்தை நம்பியிருந்த ஆப்பர்ச்சூனிட்டி ஊர்தி வாய் மூடியது, மறுபடி பேசவே இல்லை. அதே புயலில் அணு மின்கலத்தில் ஓடும் க்யூரியாசிட்டி ஒன்றும் ஆகாமல் வேலை பார்த்தது. மாதிரியில் கூடாரத்தைக் கயிறு போட்டு இழுத்துக் கட்டி வைக்கிறார்கள் பிள்ளைகள். கயிற்றுக்குப் பதில் ஒரு துடைப்பம் வைத்தால் நடுவர் கவனிப்பார்.

இனி இடங்கள்.

## ஹெல்லஸ்

தென் அரைக்கோளத்தில், சுமார் 2300 கிலோமீட்டர் அகலத்தில் ஒரு பழைய மோதல் பள்ளம். கன்னியாகுமரியிலிருந்து டெல்லிக்கு நேர்க்கோட்டுத் தூரத்தைவிட அகலம். அதன் அடித்தளம் செவ்வாயின் சுழிய மட்டத்துக்கு 7 கிலோமீட்டர் கீழே. நாம் உயரத்தைக் கடல் மட்டத்திலிருந்து அளக்கிறோம். கடலே இல்லாத அந்தக் கோளில், தொடக்கத்தில் காற்றழுத்தம் 6.1 மில்லிபார் இருக்கும் மட்டத்தையே சுழியமாக வைத்துக்கொண்டார்கள். அந்த எண் சும்மா எடுத்ததல்ல. தண்ணீர் உறைந்தும் உருகியும் ஆவியாகியும் ஒரே நேரத்தில் இருக்கக்கூடிய அழுத்தம் அது. அதற்குக் கீழே போனால் பனிக்கட்டி உருகாது, நேராக ஆவியாகிவிடும்.

ஹெல்லஸின் அடியில் 12 மில்லிபாரை ஒட்டி அழுத்தம் இருப்பதால் அங்கே தண்ணீர் 0 முதல் 10 டிகிரி வரை கொதிக்காமல் திரவமாக நிற்க முடியும். கேட்க இனிமையாக இருக்கிறது. ஆனால் சுற்றிலும் எலும்பு உலர்ந்த காற்று, கொட்டிய தண்ணீர் ஆவியாகிக்கொண்டே இருக்கும். ராத்திரி வந்தால் மிச்சமும் கல்லாகும். கூடாரத்துக்குள் எப்படியும் நாமே அழுத்தம் ஏற்றித்தான் வைத்திருப்போம் என்பதால், வெளியே தண்ணீர் திரவமாக நிற்க முடியுமா என்பது குடியிருப்பவருக்கு எந்த விதத்திலும் உதவாது. ஆராய்ச்சியாளருக்கு உதவும், அது வேறு.

உண்மையான லாபம் மூன்று. பாராசூட்டுக்குப் பிடிமானம் கூடுதல். மேலே காற்று கொஞ்சம் கனமாக இருப்பதால் கதிர்வீச்சு கொஞ்சம் குறைவு. ஆக்சிஜன் தயாரிக்கும் கருவி காற்றை அழுத்திச் சேர்க்கச் செலவழிக்கும் மின்சாரம் குறைவு. இந்த மூன்றாவதைப் பிள்ளைகள் யாரும் சொல்வதில்லை. பெர்சிவரன்ஸ் ஊர்தியில் போன மாக்ஸி என்ற கருவி செவ்வாய்க் காற்றிலிருந்தே ஆக்சிஜன் பிரித்தது. 16 முறை ஓடி மொத்தம் 122 கிராம் கிடைத்தது, உச்சமாக ஒரு மணி நேரத்துக்கு 12 கிராம். ஓர் ஆளுக்கு ஒரு நாளைக்கு 800 கிராமுக்கு மேல் வேண்டும். அதே வேலையைப் பெரிய அளவில் செய்யும்போது, உள்ளே வரும் காற்று ஒன்றரை மடங்கு கனமாக இருந்தால் செலவு குறையத்தான் செய்யும்.

மறைந்திருக்கும் செலவுகளுக்கு வருவோம். முதலாவது, தூசு. பெரிய தூசுப் புயல்கள் கிளம்பும் இடங்களில் ஹெல்லஸ் முக்கியமானது. சூரியப் பலகையை நம்பிப் போகிறவர் புயலின் பிறந்த வீட்டிலேயே குடித்தனம் நடத்த வேண்டும். இரண்டாவது, குளிர்காலம். செவ்வாயின் பாதை நீள்வட்டம். தென் அரைக்கோளத்தில் குளிர்காலம் வருவது கோள் சூரியனைவிட்டு மிக விலகியிருக்கும் காலத்தில். அதனால் தென்பகுதிக் குளிர்காலம் நீண்டது, கடுமையானது. அந்தச் சமயத்தில் ஹெல்லஸின் மேல் கரியமில வாயுவே உறைந்து வெண்பனியாகப் படியும். தொலைநோக்கியில் பார்த்தவர்கள் பள்ளத்தின் அந்த வெண்மையைத் துருவப் பனி என்று நினைத்ததுண்டு. சுவாசிக்கிற கருவிக்கு மூலப்பொருளான காற்றே தரையில் விழுந்து கிடக்கிற ஊர் அது. மூன்றாவது, அங்கே இதுவரை எந்தக் கலமும் இறங்கி வேலை செய்ததில்லை. நிலத்தில் நின்று எடுத்த அளவீடு ஒன்றுகூடக் கையில் கிடையாது.

மாதிரி முழுக்க வளிமண்டலத்தைப் பற்றியது, மனிதர் யாரும் தங்கவில்லை, ஒரு வானிலை நிலையம் மட்டும் என்றால் ஹெல்லஸ் அருமையான தேர்வு. தூசுப் புயல் எப்படிப் பிறக்கிறது என்று பக்கத்தில் இருந்து பார்க்க அதைவிட நல்ல இடம் இல்லை. மின்சாரத்துக்கு அணு மின்கலம் வைத்துவிடுங்கள்.

## கேல், ஜெசெரோ: நடுக்கோட்டுப் பக்கத்துப் பள்ளங்கள்

இந்த இரண்டின் பெரிய பலம், நமக்கு அங்கத்து வானிலை தெரியும் என்பதே. கேல் பள்ளத்தில் 2012 ஆகஸ்டிலிருந்து க்யூரியாசிட்டி இருக்கிறது. ஜெசெரோவில் 2021 பிப்ரவரியிலிருந்து பெர்சிவரன்ஸ். இரண்டிலும் வானிலைக் கருவிகள் உண்டு.

கேல் சுழிய மட்டத்துக்கு 4.5 கிலோமீட்டர் கீழே, நடுக்கோட்டுக்குத் தெற்கே 5 டிகிரிக்குள். அழுத்தம் ஆண்டில் சுமார் 7.3 முதல் 9.2 மில்லிபார் வரை ஏறி இறங்கும். ஒரே நாளுக்குள்ளேயே ஏறத்தாழ 10 சதவீதம் ஆடும். பாம்பனில் பாரமானியைக் கவனித்தவர்களுக்குத் தெரியும், இங்கும் காலை 10 மணி வாக்கில் ஏறி, மாலை 4 மணி வாக்கில் இறங்கும். ஆனால் நம் ஆட்டம் 1010-இல் 3, 4 மில்லிபார்தான். சாதாரணமாக யாரும் கவனிக்கவே மாட்டார்கள். செவ்வாயில் வெயில் பட்டதும் மெல்லிய காற்று மொத்தமும் சூடேறி ஊதிப் பரவுவதால் அந்த ஆட்டம் அத்தனை பெரிது. கண்காட்சியில் இரண்டு கோட்டுப் படத்தையும் ஒரே அட்டையில் சதவீதமாக வரைந்து காட்டினால், தெர்மாகோல் ராக்கெட்டைவிட அது பேசும்.

குளிர் என்று பார்த்தால் கேலில் பகல் 0 டிகிரியை ஒட்டி வரும், சில நாள் தாண்டும். இரவு -80 சுமார். கோடை, குளிர்காலம் என்று பெரிய வித்தியாசம் கிடையாது. பகலின் நீளமும் ஆண்டு முழுவதும் ஏறத்தாழ அதேதான். 24 மணி 39 நிமிட நாள் என்பதால் பகலிரவும் பழக்கமானதுதான். சூரியப் பலகைக்கு வசதியான இடம்.

ஜெசெரோ 18 டிகிரி வடக்கே, சுழியத்துக்கு 2.6 கிலோமீட்டர் கீழே. ஒரு காலத்தில் ஆறு வந்து ஏரியில் கலந்த கழிமுகம் அங்கே கல்லாகிக் கிடக்கிறது. வைகை நம் மாவட்டத்தைத் தாண்டிக் கடலைத் தேடுகிற இடத்தை ஒரு முறை பார்த்துவிட்டு ஜெசெரோவின் படத்தைப் பார்த்தால் விரல் விரலாகப் பிரியும் வண்டல் புரியும். அங்கேதான் 1.8 கிலோ எடையுள்ள இன்ஜெனுயிட்டி ஹெலிகாப்டர் பறந்தது, மொத்தம் 72 முறை. அழுத்தம் எவ்வளவு நுணுக்கமான விஷயம் என்பதற்கு அதைவிட நல்ல சாட்சி இல்லை. சாதாரணமாக நிமிடத்துக்கு 2500 சுற்றுகளை ஒட்டிச் சுழன்ற இறக்கைகளை, பருவம் மாறிக் காற்று மேலும் மெலிந்ததால், 2021 அக்டோபரில் 2700 சுற்றுக்கு முடுக்கிச் சோதித்துப் பார்க்க வேண்டியிருந்தது. அதே இடம், அதே ஹெலிகாப்டர், சில மாத இடைவெளி, அவ்வளவுதான்.

குறை ஒன்றே ஒன்று, ஆனால் பெரிய குறை. தண்ணீர் இல்லை. நடுக்கோட்டுப் பக்கம் மண்ணுக்கடியில் பனிக்கட்டி நிலைத்திருக்காது, கோடிக்கணக்கான ஆண்டுகளில் ஆவியாகிப் போய்விட்டது. தாதுக்களுக்குள் சிக்கிய தண்ணீரை மண்ணைச் சூடாக்கிப் பிரிக்கலாம். அதற்கு மண்ணை வெட்ட ஒரு இயந்திரம், சுட ஓர் உலை, இரண்டுக்கும் மின்சாரம். கோடையில் லாரித் தண்ணீருக்கு நிற்கிற ஊர்க்காரர்களுக்கு இதற்கு மேல் விளக்க வேண்டாம். இருபது, முப்பது நாள் தங்கித் திரும்பும் பயணம் என்றால் தண்ணீரைக் கையோடு கொண்டுபோய்விடலாம், அப்போது இந்த இரண்டில் ஒன்றுதான் சரி. குடியிருப்பு என்று பலகை எழுதினால் கதை மாறும்.

## ஆர்க்கேடியா சமவெளி

என் வாக்கு இதற்கு. வட அரைக்கோளத்தில் 40 டிகிரியை ஒட்டிய தாழ்ந்த, தட்டையான நிலம். சுழிய மட்டத்துக்கு 3, 4 கிலோமீட்டர் கீழே இருப்பதால் அழுத்தம் கேலை ஒட்டியே இருக்கும். பாராசூட்டுக்குப் போதுமானது. இதே போன்ற அகலாங்கில், இதற்கு மேற்கே, 1976-இல் வைக்கிங் 2 இறங்கியது. அங்கே அது அளந்த அழுத்தம் 7.3 முதல் 10.8 மில்லிபார் வரை.

ஆர்க்கேடியாவின் சொத்து மண்ணுக்கடியில் இருக்கிறது. சுற்றுக்கலங்களின் ரேடார் அங்கே பல பத்து மீட்டர் தடிமனுக்குப் பனிக்கட்டி இருப்பதைக் காட்டியிருக்கிறது. மேல்மண் கனம் குறைவு. நம்பாதவர்களுக்கு ஒரு சம்பவம். 2021 டிசம்பர் 24 அன்று, இதற்குத் தெற்கே அமேசானிஸ் சமவெளியில், 35 டிகிரி வடக்கே ஒரு விண்கல் விழுந்து 150 மீட்டர் அகலத்துக்குப் பள்ளம் பறித்தது. அந்த அதிர்வை, செவ்வாயில் வேறோர் இடத்தில் நின்ற இன்சைட் கலத்தின் நிலநடுக்கமானி கேட்டது. பிறகு மேலிருந்து படமெடுத்துப் பார்த்தால், பள்ளத்தைச் சுற்றி வெள்ளை வெள்ளையாகப் பனிப்பாறைகள் சிதறிக் கிடந்தன. கிணறு வெட்டாமலே தண்ணீர் மட்டம் காட்டிக்கொடுத்த கல்.

செலவுகள் இல்லாமல் இல்லை. குளிர்காலத்தில் சூரியன் தாழ்ந்து போகும், பகல் குறையும். சூரியப் பலகையைக் கேலுக்குப் போட்ட கணக்கில் போட்டால் குளிர்காலத்தில் விளக்கு அணையும். ஆனால் வடக்கில் இருப்பதில் ஒரு நல்லது உண்டு. வடக்குக் குளிர்காலம் வருவது கோள் சூரியனுக்குப் பக்கத்தில் இருக்கும்போது. அதனால் தெற்கைப் போல அத்தனை நீளமும் இல்லை, அத்தனை கொடுமையும் இல்லை. வட்டத்தில் ஓடாத கோள் கொடுத்த சலுகை.

இன்னொரு செலவு தண்ணீருக்குள்ளேயே இருக்கிறது. செவ்வாய் மண்ணில் பெர்குளோரேட் என்ற உப்பு கலந்திருக்கிறது. 2008-இல் பீனிக்ஸ் கலம் கண்டுபிடித்தது. உடம்புக்குப் போனால் தைராய்டு சுரப்பியைப் பாதிக்கும். பனியை உருக்கி அப்படியே குடிக்க முடியாது, வடித்தெடுக்க வேண்டும். வாலிநோக்கம் உப்பளத்தில் பாத்தி பார்த்தவர்களுக்கு உப்புக்கரைசல் புதிதல்ல. உப்பு கூடக் கூட உறைநிலை இறங்கும். சமையல் உப்புக் கரைசல் -21 டிகிரி வரை உறையாமல் தாக்குப்பிடிக்கும், பெர்குளோரேட் அதைவிட வெகு கீழே போகும். செவ்வாயில் எங்காவது திரவத் தண்ணீர் தலைகாட்டினால் அது இப்படிப்பட்ட உப்புநீராகத்தான் இருக்கும் என்று ஆராய்ச்சியாளர்கள் எதிர்பார்ப்பதும் இதனால்தான்.

ஆர்க்கேடியாவின் மூன்றாவது குறை கண்காட்சிக்கு மட்டும் உரியது. பார்க்க ஒன்றும் இல்லாத பொட்டல். மலை, பள்ளத்தாக்கு எதுவும் கிடையாது. தெர்மாகோலை வெட்டி ஒட்டுகிற பிள்ளைக்கு அதுவே பெரிய ஏமாற்றம். மேசையின் ஒரு பக்கத்தைக் கண்ணாடியாக வைத்து, மண்ணுக்கடியில் பனிக்கட்டி அடுக்கைக் குறுக்குவெட்டாகக் காட்டுங்கள். பொட்டலும் பேசும்.

## மரினர் பள்ளத்தாக்கு

4000 கிலோமீட்டர் நீளம், இடத்துக்கு இடம் 7 கிலோமீட்டர் வரை ஆழம். படம் அழகு, மாதிரியும் அழகு. நடுக்கோட்டுப் பக்கம் இருப்பதால் கதகதப்பு, ஆழமான தரைகளில் அழுத்தமும் மோசமில்லை. அதிகாலையில் பள்ளத்தாக்குக்குள் மூடுபனி கட்டுவதைச் சுற்றுக்கலங்கள் படமெடுத்திருக்கின்றன. 2021-இல் ஐரோப்பியச் சுற்றுக்கலம் ஒன்று அதன் நடுப்பகுதி மண்ணில் ஹைட்ரஜன் நிறைய இருப்பதைக் கண்டது, தண்ணீராக இருக்கலாம்.

இறங்குவதுதான் பாடு. காற்று மெலிது என்பதால் கலம் இறங்கும் புள்ளியைத் துல்லியமாகக் குறிவைப்பது கடினம், செங்குத்துச் சுவர்களும் உருண்ட பாறைகளும் இருக்கும் இடத்தில் சில கிலோமீட்டர் பிசகினால் முடிந்தது. பெர்சிவரன்ஸின் 1025 கிலோவுக்கே 21.5 மீட்டர் பாராசூட் விரித்தும் வேகம் மணிக்கு 320 கிலோமீட்டருக்குத்தான் குறைந்தது. மிச்சத்தை ராக்கெட் பார்த்துக்கொண்டது. மனிதர் குடியிருக்கும் கலம் பல பத்து டன். முதல் பயணத்துக்கு இந்தப் பள்ளத்தாக்கு வேண்டாம். பக்கத்தில் ஊர் அமைந்த பிறகு சுற்றுலா போகலாம்.

## வட துருவத்தின் ஓரம்

பீனிக்ஸ் 2008 மே மாதம் 68 டிகிரி வடக்கே இறங்கியது. சில சென்டிமீட்டர் சுரண்டியதுமே பனிக்கட்டி. தண்ணீர் என்ற ஒரே அளவுகோலில் இதை யாரும் அடிக்க முடியாது. ஆனால் நவம்பரில் வெயில் குறைந்ததும் கலம் அடங்கியது. குளிர்காலத்தில் அங்கே சூரியன் உதிப்பதே இல்லை. கரியமில வாயு உறைந்து மேலே படிந்து சூரியப் பலகையை முறித்துவிட்டதை 2010-இல் எடுத்த படம் காட்டியது. கோடையில் மட்டும் வேலை செய்யும் தானியங்கி நிலையத்துக்கு ஏற்ற இடம். ஆள் வைக்காதீர்கள்.

செவ்வாயின் மிக உயரமான ஒலிம்பஸ் மலையுச்சியில் கொடி நடுகிறவர்களுக்கு ஒரு வார்த்தை: அங்கே அழுத்தம் 1 மில்லிபாருக்கும் கீழே. பாராசூட் விரிந்தும் பயனில்லை. நாசா இதுவரை வெற்றிகரமாக இறக்கிய கலங்கள் எல்லாம் சுழிய மட்டத்துக்குக் கீழேதான் இறங்கியிருக்கின்றன.

## ஒரே பார்வையில்

| இடம் | அழுத்தம் (மில்லிபார்) | குளிர் | தண்ணீர் | மறைந்திருக்கும் செலவு | யாருக்குச் சரி |
|---|---|---|---|---|---|
| ஹெல்லஸ் | 12-ஐ ஒட்டி | நீண்ட, கடும் குளிர்காலம் | இடத்துக்கு இடம் மாறும் | தூசுப் புயல், உறையும் காற்று | வானிலை நிலையம் |
| கேல், ஜெசெரோ | கேலில் 7.3–9.2, ஜெசெரோவில் சற்றுக் குறைவு | ஆண்டு முழுவதும் சீர் | தாதுக்களில் மட்டும் | தண்ணீர் பிரிக்கும் மின்சாரம் | குறுகிய பயணம், பாறை ஆய்வு |
| ஆர்க்கேடியா | 7–10 சுமார் | குளிர்காலம் உண்டு, தெற்கைவிடக் குறைவு | ஆழமில்லாத பனிக்கட்டி, நிறைய | உப்பு நீக்குதல், கூடுதல் பலகைகள் | நீண்ட குடியிருப்பு |
| மரினர் | ஆழத்தில் 8 சுமார் | மிதம் | இருக்கலாம் | இறங்கும் ஆபத்து | இரண்டாம் கட்டம் |
| துருவ ஓரம் | 7–10 சுமார் | மிகக் கடுமை | கைக்கெட்டும் தூரம் | சூரியன் இல்லாத மாதங்கள் | கோடைகாலத் தானியங்கி |

கதிர்வீச்சை அட்டவணையில் சேர்க்கவில்லை. கேலில் க்யூரியாசிட்டி அளந்தது ஒரு நாளைக்கு சுமார் 0.67 மில்லிசீவர்ட். பூமியில் ஓர் ஆளுக்கு இயற்கையாக ஓர் ஆண்டில் சேர்வது 2.4 சுமார். செவ்வாயில் நான்கே நாளில் அது வந்துவிடும். எந்த இடமானாலும் கூடாரத்தின் மேல் மண்ணை வாரிப் போட்டு மூடத்தான் வேண்டும், ஹெல்லஸின் கூடுதல் காற்று அந்த வேலையைத் தவிர்த்துவிடாது. மாதிரியில் பளபளக்கும் கண்ணாடிக் கூடாரம் வைக்கிறவர்கள் கவனிக்கவும்.

## இடம் முடிவானதும் மாதம்

இதை நடுவர்கள் கேட்பது அரிது, கேட்டால் பதில் சொல்கிற பிள்ளைக்குத்தான் பரிசு. செவ்வாயின் காற்று ஆண்டு முழுவதும் ஒரே அளவில் இருப்பதில்லை. குளிர்காலத் துருவத்தில் -125 டிகிரியை ஒட்டிக் கரியமில வாயு உறைந்து தரையில் படிகிறது. வளிமண்டலத்தில் கால் பங்கு வரை இப்படிக் குறையும், வெயில் வந்ததும் திரும்ப ஏறும். 1976-இல் இறங்கிய வைக்கிங் 1 இதை முதன்முதலில் 6.9-க்கும் 9-க்கும் இடையே ஏறி இறங்கும் கோடாக எழுதிக் காட்டியது. எங்கோ ஆயிரக்கணக்கான கிலோமீட்டர் தள்ளித் துருவத்தில் உறைவதை நடுப்பகுதிப் பாரமானி காட்டிக்கொடுக்கிறது.

ஆகவே பாராசூட்டுக்கு நல்ல மாதம், கெட்ட மாதம் உண்டு. தெற்கில் குளிர்காலம் முடியப்போகும் சமயத்தில் காற்று மிக மெலிந்திருக்கும். தெற்கில் வசந்தம் முடிந்து கோடை தொடங்கும் சமயத்தில் மிகக் கனத்திருக்கும். அப்படியானால் கனத்த மாதத்தில் இறங்கலாம் என்று தோன்றும். அங்கேதான் கண்ணி. அதே காலத்தில் கோள் சூரியனுக்குப் பக்கத்தில் இருக்கிறது, மிக விலகியிருக்கும் நாளைவிட 45 சதவீதம் அதிக வெயில் விழுகிறது, தூசுப் புயல் பருவமும் அதுதான். பிடிமானம் கூடும், பார்வை மறையும், பலகை மூடும். க்யூரியாசிட்டி 2012 ஆகஸ்டில் இறங்கியது ஆண்டிலேயே காற்று மிக மெலிந்த சமயத்தில். வானம் தெளிவாக இருந்தது, கேல் பள்ளம் 4.5 கிலோமீட்டர் தாழ்ந்தது என்பதால் குறைந்த காற்றும் போதுமாக இருந்தது. ஆர்க்கேடியாவும் தாழ்ந்த நிலம்தான். அதற்கும் நான் வடக்கில் கோடை முடியும் அந்த மெலிந்த மாதங்களையே எழுதச் சொல்வேன். இறங்கிய கையோடு வருகிற இலையுதிர்காலமும் குளிர்காலமும் தூசுப் பருவத்தோடு சேர்ந்தே வரும் என்பதால், ஆள் இறங்குவதற்கு ஒரு செவ்வாய் ஆண்டு முன்னதாகவே, அதாவது 687 நாள் முன்பு, பலகைகளையும் பனி உருக்கும் கருவியையும் தனிக் கலத்தில் அனுப்பி ஓடவிட்டிருக்க வேண்டும். மேசையில் இன்னொரு ராக்கெட்டுக்கு இடம் கிடைத்துவிட்டது.